ஓய்வு பெற்ற பிறகு "கூடுதலாக வாங்கிய சம்பளத்தைத் திருப்பிக் கட்டுங்கள்" என்று ஆணை வந்தால்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஓய்வூதியர்கள் நாலு பேர் கூடும் இடத்தில் இந்தப் பேச்சு வராமல் இருப்பதில்லை. யாராவது ஒருவர் பையிலிருந்து ஒரு செயல்முறை ஆணையின் நகலை எடுத்து நீட்டுவார், மற்றவர்கள் ஆளுக்கொரு தீர்ப்பைச் சொல்வார்கள், கடைசியில் கேட்டவர் முன்பைவிடக் குழம்பிப் போவார். அதனால்தான் திரும்பத் திரும்பக் கேட்கிற கேள்விகளை, அவர்கள் கேட்ட மாதிரியே எழுதி, தெரிந்த பதிலைக் கீழே போட்டிருக்கிறேன். பெரும்பாலும் தமிழ்நாடு அரசில் பழைய ஓய்வூதியத் திட்டத்தில் ஓய்வு பெற்றவர்களை மனதில் வைத்து எழுதியது. மத்திய அரசுக்கு வேறு மாதிரி இருந்தால் அங்கங்கே சொல்லியிருக்கிறேன். வரிசையாகப் படித்தால் நல்லது, பின்னால் வரும் பதில்கள் முன்னால் சொன்னதை நம்பித்தான் நிற்கின்றன.

1. "இருபது வருஷத்துக்கு முன்னாடி அவங்களே கணக்குப் போட்டுக் கொடுத்த சம்பளம். இப்போ தப்புன்னு சொல்றாங்க. இத்தனை நாள் என்ன பண்ணிட்டிருந்தாங்க?"

நியாயமான கோபம்தான். நடப்பது இதுதான்: பணியில் இருக்கும்வரை உங்கள் பணிப்பதிவேட்டை முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம்வரை யாரும் ஒரே மூச்சில் படிப்பதில்லை. ஒவ்வொரு ஊதிய நிர்ணயத்தையும் அந்தந்த நேரத்து எழுத்தர் போடுவார், அலுவலர் கையெழுத்திடுவார், அதோடு சரி. ஓய்வூதியம் வழங்கக் கேட்டு அலுவலகம் அனுப்பும் கோப்பு, அதாவது ஓய்வூதியக் கருத்துரு, மாநிலக் கணக்காயர் அலுவலகத்துக்குப் போகும்போதுதான் மொத்தப் பதிவேட்டையும் ஒருவர் உட்கார்ந்து பார்க்கிறார். அப்போது, ஒரே பதவியில் 10 ஆண்டு முடித்ததற்கு வந்த தேர்வு நிலை ஊதியம், 20 ஆண்டு முடித்ததற்கு வந்த சிறப்பு நிலை ஊதியம், உயர்கல்விக்கான ஊக்க ஊதிய உயர்வு, ஊதியக்குழு மாறியபோது கொடுத்த விருப்பத் தேர்வு என்று எங்கோ ஓர் இடத்தில் ஒரு ஊதிய உயர்வு அதிகமாகப் போனது கண்ணில் படும். ஆசிரியர்களுக்கு ஊக்க ஊதியத்தில்தான் அதிகம் மாட்டுகிறது.

ஒரே ஒரு ஊதிய உயர்வு தப்பாகப் போயிருந்தாலும் அதற்குப் பிறகு வந்த எல்லா நிர்ணயமும் அதன் மேல்தான் நிற்கிறது. அகவிலைப்படியும் அதோடு சேர்ந்து ஏறியிருக்கும். அதனால்தான் மாதம் சில நூறு ரூபாயில் ஆரம்பித்த பிழை ஓய்வு நேரத்தில் லட்சக்கணக்கில் வந்து நிற்கிறது. தொகையைப் பார்த்ததும் பதறாதீர்கள், அந்தக் கணக்குத்தாளை முதலில் கேட்டு வாங்குங்கள். அந்தக் கணக்கிலேயே பிழை இருந்ததையும் பார்த்திருக்கிறேன்.

2. "அப்போ அரசாங்கம் கூடுதலாக் கொடுத்ததைத் திரும்பக் கேட்கவே கூடாதா? ஒருத்தர் கேட்கலாம்கிறார், ஒருத்தர் கூடாதுங்கிறார்."

ரெண்டு பேரும் பாதி சரி. பொதுவான நிலை என்னவென்றால், விதியில் இடமில்லாமல் கொடுத்த பணம் பொதுப்பணம், அதைத் திரும்பக் கேட்க அரசுக்கு உரிமை உண்டு. 2012ல் சண்டி பிரசாத் உனியால் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை அழுத்தமாகவே சொன்னது. மிகுந்த கஷ்டம் தருகிற சில விதிவிலக்குகளைத் தவிர மற்றபடி திரும்பப் பெறலாம் என்றது. அலுவலகங்கள் மேற்கோள் காட்டுவது பெரும்பாலும் இதைத்தான்.

இன்னொரு பக்கம், 1994ல் ஷியாம் பாபு வர்மா வழக்கு, அதையொட்டி சாகிப் ராம் வழக்கு, 2009ல் சையத் அப்துல் காதிர் வழக்கு ஆகியவற்றில், ஊழியர் பொய் சொல்லியோ ஏமாற்றியோ வாங்காத பணத்தை, அதிகாரிகளே விதியைத் தப்பாகப் புரிந்து கொடுத்த பணத்தை, பல வருடம் கழித்துப் பிடிப்பது நியாயமில்லை என்று அதே நீதிமன்றம் பிடித்தத்தைத் தடுத்திருக்கிறது. கவனியுங்கள், "அந்தப் பணம் உங்களுக்கு உரிமையானது" என்று அது சொல்லவில்லை. பிடித்தால் வரும் துன்பம் அரசின் உரிமையைவிடப் பெரிது என்பதுதான் அடிப்படை. இந்த வித்தியாசம் 5ஆம் கேள்வியில் கடிக்கும்.

3. "ரஃபீக் மசி, ரஃபீக் மசின்னு எல்லாரும் சொல்றாங்களே, அதுல அப்படி என்னதான் இருக்கு?"

பஞ்சாப் அரசு எதிர் ரஃபீக் மசி, 2014 டிசம்பர் 18 அன்று உச்ச நீதிமன்றம் கொடுத்த தீர்ப்பு. முன்னால் சொன்ன இரண்டு வகைத் தீர்ப்புகளையும் வைத்துக்கொண்டு, எந்தெந்தச் சூழலில் பிடித்தம் செய்வது சட்டப்படி கூடாது என்று ஐந்து நிலைகளை அது தொகுத்துச் சொன்னது. முதலாவது, குரூப் சி, குரூப் டி என்கிற கீழ்நிலை ஊழியர்களிடமிருந்து பிடிப்பது. இரண்டாவது, ஓய்வு பெற்றுவிட்டவர்களிடமிருந்தோ, ஆணை வந்த நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் ஓய்வு பெறப் போகிறவர்களிடமிருந்தோ பிடிப்பது. மூன்றாவது, ஆணை போடுவதற்கு முன் ஐந்து வருடத்துக்கு மேல் கூடுதல் தொகை போய்க்கொண்டிருந்தால் அதைப் பிடிப்பது. நான்காவது, கீழ்நிலைப் பதவியில் வேலை வாங்க வேண்டியவரை முறையில்லாமல் மேல்நிலைப் பதவி வேலையைச் செய்யவைத்து அதற்கான சம்பளமும் கொடுத்துவிட்டு, பிறகு அதைத் திரும்பக் கேட்பது. ஐந்தாவது பொதுவானது: பிடித்தம் அளவுக்கு மீறிக் கடுமையாகவோ அநியாயமாகவோ தன்னிச்சையாகவோ இருக்கிறது என்று நீதிமன்றம் கருதும் மற்ற எந்தச் சூழலும்.

இதை ஏற்று மத்திய அரசின் பணியாளர் துறை 2016 மார்ச் 2 அன்று ஓர் அலுவலகக் குறிப்பாணை விட்டது. அதில் ஒரு கொக்கி உண்டு: தொகையைத் தள்ளுபடி செய்ய நிதி அமைச்சகத்தின் செலவினத் துறை ஒப்புதல் வேண்டும். அதனால் "தீர்ப்பு இருக்கிறது, தானாகவே விட்டுவிடுவார்கள்" என்று உட்கார்ந்திருக்க முடியாது, நீங்கள் கேட்டால்தான் கோப்பு நகரும்.

தீர்ப்பு பழசாகிவிட்டதோ என்ற சந்தேகமும் வருகிறது. இல்லை. 1999ல் ஓய்வு பெற்ற கேரள ஆசிரியர் ஒருவரின் தாமஸ் டேனியல் வழக்கில் 2022 மே மாதமும், ஒடிசா மாவட்ட நீதித்துறையில் சுருக்கெழுத்தர்களாக இருந்து ஓய்வு பெற்றவர்களின் ஜோகேஸ்வர் சாகு வழக்கில் 2025 ஏப்ரலிலும், உச்ச நீதிமன்றம் இதே வழியில்தான் பிடித்தத்தை ரத்து செய்தது.

4. "நான் குரூப் பி அலுவலராக ரிட்டயர் ஆனவன். சி, டி ஆட்களுக்குத்தான் அந்தத் தீர்ப்புன்னு ஆபீஸ்ல சொல்லிட்டாங்க."

தவறு. மேலே சொன்ன ஐந்தும் தனித்தனி. ஐந்தும் சேர்ந்து பொருந்த வேண்டியதில்லை, ஒன்று பொருந்தினால் போதும். ஓய்வு பெற்றவர் என்ற இரண்டாவது நிலைக்குக் குரூப் கிடையாது. ஆனால் மேல்நிலை அலுவலர் என்றால் "விதி உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும்" என்ற வாதம் எளிதாக வரும், உறுதிமொழிக் கடிதமும் குறுக்கே நிற்கலாம். அதற்கு 8, 9ஆம் கேள்விகளைப் பாருங்கள்.

5. "பிடிக்கக் கூடாதுன்னு தீர்ப்பு இருக்குல்ல, அப்போ என் பழைய சம்பளத்தை வச்சே பென்ஷன் கொடுக்கணும்தானே?"

இங்கேதான் நிறையப் பேர் ஏமாறுகிறார்கள். பிடித்தம் வேறு, திருத்தம் வேறு. ஏற்கனவே கொடுத்துவிட்ட பணத்தைத் திரும்பக் கேட்பது பிடித்தம். தப்பான நிர்ணயத்தைச் சரிசெய்து, சரியான கடைசிச் சம்பளத்தை வைத்து ஓய்வூதியம் கணக்கிடுவது திருத்தம். ரஃபீக் மசி தடுப்பது முதலாவதை மட்டும்தான். நிர்ணயம் உண்மையிலேயே விதிக்கு முரணானது என்றால், அந்தப் பிழையைச் சாகும்வரை தொடர வேண்டும் என்று எந்த நீதிமன்றமும் பொதுவாகச் சொல்வதில்லை.

தொகையில் பார்த்தால் திருத்தம்தான் பெரிய அடி. அடிப்படைச் சம்பளத்தில் 2,000 ரூபாய் குறைந்தால் முழு ஓய்வூதியம் வாங்குபவருக்கு அடிப்படை ஓய்வூதியத்தில் அதில் பாதி, 1,000 குறையும், அதன் மேல் வரும் அகவிலைப்படியும் குறையும், பணிக்கொடையும் கம்யூட்டேஷன் தொகையும் (ஓய்வூதியத்தின் ஒரு பகுதியை முன்கூட்டியே மொத்தமாக வாங்கும் பணம்) குறையும், நாளைக்குக் குடும்ப ஓய்வூதியமும் குறையும். ஒரே ஒருமுறை பிடிக்கும் இரண்டு லட்சத்துக்காக வழக்குப் போட்டு ஜெயித்துவிட்டு, வாழ்நாள் முழுக்கக் குறையும் ஓய்வூதியத்தைக் கவனிக்காமல் விட்டவர்கள் உண்டு. ஆணை வந்தால் முதல் கேள்வி "எவ்வளவு பிடிக்கிறார்கள்" என்பதாக இருக்கக் கூடாது. "அவர்கள் சொல்கிற பிழை உண்மையிலேயே பிழையா" என்பதுதான் முதல் கேள்வி. உங்களுக்குப் பொருந்தும் அரசாணையை அவர்கள் பார்க்காமல் விட்டிருக்கலாம். அப்படியென்றால் திருத்தத்தையே எதிர்க்க வேண்டும், வெறும் பிடித்தத்தை மட்டும் எதிர்த்து மனுப் போட்டால் திருத்தத்தை ஒப்புக்கொண்ட மாதிரி ஆகிவிடும்.

ஓய்வூதிய ஆணை கைக்கு வந்து வருடங்கள் ஆன பிறகு குறைக்கிறார்கள் என்றால் கதை கொஞ்சம் மாறுகிறது. மத்திய அரசு ஓய்வூதிய விதிகளில், இறுதியாக அங்கீகரித்த ஓய்வூதியத்தை எழுத்துப் பிழை தெரியவந்தால் தவிர ஓய்வூதியருக்குப் பாதகமாக மாற்றக் கூடாது என்றும், அந்தப் பிழையும் இரண்டு வருடம் கழித்துத் தெரியவந்தால் ஓய்வூதியத் துறையின் ஒப்புதல் இல்லாமல் மாற்றக் கூடாது என்றும் தெளிவாக இருக்கிறது. 1972 விதிகளிலும் இருந்தது, 2021ல் வந்த புதிய விதிகளிலும் தொடர்கிறது.

6. "எனக்கு நோட்டீஸே வரலை. பணிக்கொடையில பிடிச்சுக்கிட்டு மிச்சத்தை அக்கவுண்ட்ல போட்டுட்டாங்க. அது செல்லுமா?"

செல்லாது என்று வாதிட நல்ல இடம் இருக்கிறது. ஒருவரின் சம்பளத்தைப் பின்தேதியிட்டுக் குறைக்கும் முன் அவருக்கு விளக்கம் சொல்ல வாய்ப்புக் கொடுக்க வேண்டும் என்று 1994லேயே பகவான் சுக்லா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. நோட்டீஸ் இல்லாத பிடித்த ஆணையை உயர் நீதிமன்றங்கள் இந்த ஒரே காரணத்துக்காகவே ரத்து செய்வது சாதாரணமாக நடக்கிறது.

ஆனால் இதை மட்டுமே நம்பிப் போனால் பெரும்பாலும் கிடைப்பது "நோட்டீஸ் கொடுத்து மறுபடி முடிவு செய்யுங்கள்" என்ற உத்தரவுதான். அலுவலகம் நோட்டீஸ் கொடுக்கும், உங்கள் பதிலைப் படிக்காமலே பழைய ஆணையையே மறுபடி தட்டச்சு செய்து கொடுக்கும், நீங்கள் மறுபடி படி ஏற வேண்டும். அதனால் நோட்டீஸ் இல்லை என்பதோடு 3ஆம் கேள்வியில் சொன்ன நிலைகளில் எது உங்களுக்குப் பொருந்துகிறது என்பதையும் சேர்த்தே வையுங்கள்.

7. "பணிக்கொடை வேற, பென்ஷன் வேறயா? ரெண்டுலயும் கை வைக்கலாமா?"

ஓய்வூதியம் அரசு போடும் பிச்சை அல்ல, ஊழியரின் உரிமை என்று 1971ல் தேவகிநந்தன் பிரசாத் வழக்கு சொன்னது. 1982 டிசம்பர் 17ல் வந்த நகாரா தீர்ப்பு அதை இன்னும் விரிவாகச் சொன்னது, அந்த நாளைத்தான் ஓய்வூதியர் தினமாகக் கொண்டாடுகிறோம். 2013ல் ஜார்க்கண்ட் அரசு எதிர் ஜிதேந்திர குமார் ஸ்ரீவஸ்தவா வழக்கில், ஓய்வூதியமும் பணிக்கொடையும் அரசமைப்பின் 300ஏ பிரிவின்படி சொத்து, சட்டத்தின் அதிகாரம் இல்லாமல் வெறும் நிர்வாக உத்தரவால் அதைப் பிடித்து வைக்க முடியாது என்று தீர்ப்பானது.

"சட்டத்தின் அதிகாரம் இல்லாமல்" என்பதுதான் முக்கியம். பணிக்கொடை விஷயத்தில் அந்த அதிகாரம் விதியிலேயே இருக்கிறது: மத்திய ஓய்வூதிய விதிகள் வீட்டுக் கடன் பாக்கி, முன்பணம், கூடுதலாகப் போன சம்பளம், விடுப்புச் சம்பளம் எல்லாவற்றையும் அரசுக்குச் சேர வேண்டிய பாக்கி என்று வரையறுத்து, பணிக்கொடையில் சரிக்கட்ட இடம் தருகின்றன. அதனால்தான் எல்லோரும் முதலில் பணிக்கொடையில் கை வைக்கிறார்கள். விதியில் இடம் இருப்பதால் மட்டும் ரஃபீக் மசி பாதுகாப்பு போய்விடாது, ஆனால் "பணிக்கொடையைத் தொடவே முடியாது" என்று சொல்வதும் சரியில்லை.

மாத ஓய்வூதியம் இன்னும் கொஞ்சம் கெட்டியான பாதுகாப்பில் இருக்கிறது. 1871ஆம் ஆண்டு ஓய்வூதியச் சட்டத்தின் 11ஆம் பிரிவுப்படி, கடன் கொடுத்தவர் கேட்டார் என்று நீதிமன்றம்கூட ஓய்வூதியத்தை ஜப்தி செய்ய முடியாது. அரசு தானே ஓய்வூதியத்தைக் குறைக்க வேண்டுமானால் தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள், 1978ன் 9ஆம் விதி மாதிரி ஒன்றைக் காட்ட வேண்டும். அந்த விதி, துறை நடவடிக்கையிலோ நீதிமன்ற நடவடிக்கையிலோ கடுமையான ஒழுங்கீனமோ அலட்சியமோ நிரூபணம் ஆனவர்களுக்கானது. எழுத்தர் தப்பாகக் கணக்குப் போட்டதற்கு அந்த விதியைத் தூக்கிக்கொண்டு வர முடியாது.

8. "ரிட்டயர் ஆகுறதுக்கு முன்னாடி ஒரு ஃபாரத்துல கையெழுத்து வாங்கினாங்க. 'கூடுதல் தொகை இருந்தால் திருப்பிக் கட்டுகிறேன்'னு இருந்துச்சு. அவ்வளவுதானா?"

இது உண்மையிலேயே சிக்கல். 2016 ஜூலையில் பஞ்சாப் ஹரியானா உயர் நீதிமன்றம் எதிர் ஜக்தேவ் சிங் வழக்கில், நீதித்துறை அலுவலர் ஒருவர் திருத்திய ஊதியத்தைத் தேர்ந்தெடுக்கும்போதே "கூடுதலாக வந்தால் திருப்பித் தருவேன்" என்று எழுதிக் கொடுத்திருந்தார். அப்படி எழுதிக் கொடுத்தவர் பிறகு ஓய்வு பெற்றவர் என்ற பாதுகாப்பைக் கேட்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. தவணையாகப் பிடிக்கச் சொன்னது ஒன்றுதான் ஆறுதல். அலுவலகத் தரப்பு வழக்கறிஞர் முதலில் எடுக்கும் தீர்ப்பு இதுதான்.

ஆனாலும் அந்தக் காகிதத்தைத் தேடி எடுத்துப் படியுங்கள், நினைவை நம்பாதீர்கள். எப்போது கையெழுத்திட்டீர்கள்? அந்தக் குறிப்பிட்ட ஊதிய நிர்ணயத்தின்போதா, இல்லை ஓய்வுக்குச் சில நாள் முன்பு, கருத்துருவோடு அனுப்ப வேண்டிய காகிதங்களில் ஒன்றாகவா? ஜக்தேவ் சிங் வழக்கில் இருந்தது முதல் வகை. இரண்டாவது வகை, அதுவும் கடைநிலை ஊழியரிடம், கையெழுத்துப் போடாவிட்டால் கருத்துரு நகராது என்ற நிலையில் வாங்கியது என்றால், அது மனமறிந்து கொடுத்த உறுதிமொழியே இல்லை என்று வாதிட முடியும், சில உயர் நீதிமன்றங்கள் இந்த வேறுபாட்டை ஏற்றும் இருக்கின்றன. வாசகமும் முக்கியம். 2009ல் ஊதியக்குழுவுக்காகக் கொடுத்த உறுதிமொழியைக் காட்டி 1998ன் ஊக்க ஊதியத்தைப் பிடிக்கிறார்கள் என்றால், அந்தக் காகிதம் இந்த விஷயத்துக்கே சம்பந்தமில்லாதது.

9. "நான் பொய் சொல்லலை. ஆனா ஒரு இன்கிரிமென்ட் கூட வருதேன்னு லேசா சந்தேகம் இருந்துச்சு. சொல்லணுமா?"

2ஆம் பதிலில் குறிப்பிட்ட சையத் அப்துல் காதிர் தீர்ப்பிலேயே, கூடுதலாக வருவது ஊழியருக்குத் தெரிந்திருந்தது என்று நிரூபணம் ஆனாலோ, பிழை நடந்த கொஞ்ச காலத்திலேயே கண்டுபிடிக்கப்பட்டாலோ, பிடிக்க உத்தரவிடலாம் என்று இருக்கிறது. "நிரூபணம்" என்ற சொல்லைக் கவனியுங்கள், உங்கள் மனதில் இருந்த சந்தேகத்தை யாரும் நிரூபிக்க முடியாது. அதே சமயம் பிரமாணப் பத்திரத்தில் பொய்யாக எதையும் எழுதக் கூடாது. "நிர்ணயம் செய்தது அலுவலகம், நான் எந்தத் தவறான தகவலும் தரவில்லை" என்பது உண்மையாக இருந்தால் அதை எழுதினால் போதும்.

போலிச் சான்றிதழ் கொடுத்தவர், வராத தேர்ச்சியை வந்ததாகக் காட்டியவர், நிர்ணயத்தைத் தன் கையாலேயே போட்டுக்கொண்ட கணக்குப் பிரிவு ஆள் ஆகியோருக்கு இந்தப் பக்கத்தில் உதவி எதுவும் இல்லை.

10. "ரிட்டயர்மெண்ட்டுக்கு எட்டு மாசம் இருக்கும்போது ஆணை வந்துச்சு. மாசா மாசம் பிடிச்சாங்க, பாதி போயிடுச்சு. இனிமே கேட்டு என்ன பண்ண?"

கேட்கலாம். ஒரு வருடத்துக்குள் ஓய்வு பெறப் போகிறவர் என்ற நிலையில் நீங்கள் வருகிறீர்கள். கணக்கிடும் தேதி ஆணை போட்ட தேதி, பிடித்தம் ஆரம்பித்த தேதி அல்ல. பிடித்தது சட்டப்படி கூடாதது என்றானால் பிடித்த தொகையைத் திருப்பித் தரச் சொல்லி நீதிமன்றங்கள் உத்தரவிடுகின்றன. ஆனால் பிடித்தம் நடந்த மாதங்களில் நீங்கள் எழுத்தில் ஒரு ஆட்சேபணையாவது கொடுத்திருந்தால் வழக்கு எவ்வளவோ எளிதாக இருக்கும். இன்னும் பிடித்துக்கொண்டிருக்கிறார்கள் என்றால் இன்றைக்கே ஒன்று எழுதிக் கொடுங்கள்.

11. "மூணு வருஷம் தாண்டினா காலாவதி, கேட்கவே முடியாதுன்னு வக்கீல் ஆபீஸ்ல சொன்னாங்களே?"

மூன்று வருடம் என்பது தனியார் கடனுக்கு. அரசு தொடுக்கும் உரிமையியல் வழக்குக்குக் காலவரையறைச் சட்டத்தின் 112வது இனம் 30 வருடம் கொடுக்கிறது. அதுவும் வழக்குப் போட்டால்தான், இங்கே அவர்கள் வழக்குப் போடாமல் கையில் இருக்கும் பணிக்கொடையில் கழித்துக்கொள்கிறார்கள். அதனால் காலாவதி வாதத்தை நம்பி மனு எழுதாதீர்கள். உங்களைக் காப்பாற்றுவது ரஃபீக் மசியின் ஐந்து வருட நிலையும் ஓய்வு நிலையும்தான்.

காலக்கெடு உண்மையில் கைகொடுப்பது 7ஆம் பதிலில் சொன்ன ஓய்வூதிய விதிகளின் 9ஆம் விதியில். பணியில் இருக்கும்போது தொடங்காத துறை நடவடிக்கையை ஓய்வுக்குப் பிறகு தொடங்க அரசின் அனுமதி வேண்டும், அது தொடங்கும் நாளுக்கு நான்கு வருடத்துக்கு முன் நடந்த சம்பவத்தைப் பற்றியதாகவும் இருக்கக் கூடாது. 9ஆம் விதி என்று குறிப்பிட்டு ஏதாவது வந்தால் முதலில் சம்பவத் தேதியைப் பாருங்கள்.

12. "எனக்குச் சம்பளம் இல்ல, பென்ஷனையே வங்கி கூடப் போட்டுட்டாங்க. இப்போ கணக்கையே முடக்குறாங்க."

இது மத்திய அரசு ஓய்வூதியர்களுக்கு அதிகம் வரும் தொல்லை, அவர்களுக்கு வங்கிகள்தான் ஓய்வூதியம் கணக்கிட்டுப் போடுகின்றன. ரிசர்வ் வங்கி 2021 ஜனவரியில் விட்ட சுற்றறிக்கைப்படி, ஓய்வூதியரிடமிருந்து எப்படிப் பிடிப்பது என்று ஓய்வூதியம் அனுமதித்த துறையிடம்தான் வங்கி வழிகாட்டுதல் கேட்க வேண்டும். பிழை வங்கியுடையது என்றால், ஓய்வூதியரிடம் வசூலாகும்வரை காத்திராமல் அந்தத் தொகையை வங்கி அரசுக்கு உடனே மொத்தமாகக் கட்டிவிட வேண்டும். ஆகவே கிளை மேலாளரிடம் இரண்டு கேள்வியை எழுத்தில் கேளுங்கள்: பிழை யாருடையது, எந்தத் துறை பிடிக்கச் சொன்னது. அந்தக் கடிதத்துக்குப் பிறகு கிளையில் பேச்சின் தொனி மாறுவதைப் பார்ப்பீர்கள்.

13. "வீட்டுக்கடன் பாக்கியும் குவார்ட்டர்ஸ் வாடகையும்கூட இதுல தள்ளுபடி ஆகுமா?"

ஆகாது. அது நீங்கள் தெரிந்தே வாங்கிய கடன், தெரிந்தே இருந்த வீடு. ரஃபீக் மசிக்கும் அதற்கும் தொடர்பில்லை.

14. "அப்பா போன வருஷம் தவறிட்டார். இப்போ அம்மாவோட குடும்ப ஓய்வூதியத்துல பிடிப்போம்னு கடிதம் வந்திருக்கு."

குடும்ப ஓய்வூதியம் இறந்தவர் விட்டுப்போன சொத்து இல்லை, அது மனைவிக்கோ கணவருக்கோ விதிப்படி நேரடியாக வரும் உரிமை. வயலட் ஐசக் வழக்கில் 1991லேயே உச்ச நீதிமன்றம், குடும்ப ஓய்வூதியம் ஊழியரின் சொத்தில் சேராது, அதை அவர் உயில்கூட எழுத முடியாது என்று சொல்லியிருக்கிறது. அப்பாவுக்குப் போன கூடுதல் சம்பளத்தை அம்மாவுக்குச் சொந்தமான தொகையில் பிடிக்கிறார்கள் என்பதை எதிர்க்க இது நல்ல அடிப்படை. அப்பா ஓய்வு பெற்றவர் என்பதால் 3ஆம் கேள்வியின் பாதுகாப்பும் கூட வருகிறது.

ஆனால் 5ஆம் கேள்வியில் சொன்ன திருத்தம் இங்கேயும் பொருந்தும். கணக்குத் திருத்தத்தால் குடும்ப ஓய்வூதியம் குறைகிறதா, இல்லை பழைய பாக்கியைப் பிடிக்கிறார்களா என்று அந்தக் கடிதத்தைப் பிரித்துப் படியுங்கள். அம்மாவிடம் "ஒத்துக்கொள்கிறேன்" என்று கையெழுத்து வாங்க யாராவது வந்தால் போடாதீர்கள்.

15. "உதவி பெறும் பள்ளி ஆசிரியர், மின்வாரியம், போக்குவரத்துக் கழகம், இவங்களுக்கெல்லாம்?"

ஓய்வூதிய விதிகளும் பணம் தரும் அலுவலகமும் மாறலாம், ரஃபீக் மசியின் நிலைகள் அவர்கள் வழக்குகளிலும் எடுத்துப் பேசப்படுகின்றன. உங்கள் நிறுவனத்தின் சொந்த விதிகளில் பிடித்தம் பற்றி என்ன இருக்கிறது என்பதையும் கூடவே பார்த்துக்கொள்ளுங்கள்.

16. "சரி, ஆணை கைக்கு வந்தாச்சு. முதல்ல என்ன பண்ணணும்?"

ஆணை வந்த உறையைத் தூக்கி எறியாதீர்கள், கிடைத்த தேதியை அதன் மேலேயே எழுதி வையுங்கள். நோட்டீஸில் பதிலுக்கு நாள் குறிப்பிட்டிருந்தால் அதற்குள் ஒரு பதில் போயே ஆக வேண்டும், முழுப் பதில் தயாராகாவிட்டால் "ஆவணங்கள் கேட்டிருக்கிறேன், கிடைத்ததும் விரிவாகப் பதில் தருவேன், அதுவரை பிடித்தம் செய்ய வேண்டாம்" என்றாவது, போய்ச் சேர்ந்ததற்குச் சான்று கிடைக்கும்படி விரைவுத் தபாலில் அனுப்புங்கள். ஆவணங்கள் என்றால் தணிக்கைத் தடையின் (தணிக்கையில் எழுப்பிய ஆட்சேபணையின்) நகல், பணிப்பதிவேட்டின் அந்தப் பக்கங்கள், கூடுதல் தொகை கணக்கிட்ட தாள், கணக்காயர் அலுவலகம் எழுதிய கடிதம், நீங்கள் கொடுத்ததாகச் சொல்லும் உறுதிமொழி. நேரில் கேட்டுக் கிடைக்காவிட்டால் தகவல் பெறும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தோடு கேளுங்கள், 30 நாளில் பதில் தர வேண்டும். உறுதிமொழி "கோப்பில் இல்லை" என்று அவர்களே எழுதிக் கொடுத்தால் 8ஆம் கேள்வி உங்களுக்கு முடிந்துபோன மாதிரி.

மனுவில் கதை எழுதாதீர்கள். எந்தத் தேதியில் எந்த ஆணையால் அந்த ஊதியம் வந்தது, ஓய்வு பெற்ற தேதி, பிடித்த ஆணையின் தேதி, இடையில் எத்தனை வருடம், நீங்கள் எதையும் மறைக்கவில்லை என்பது, பொருந்தும் நிலை எது. இவ்வளவுதான். நாற்பது வருட உழைப்பை விவரித்து நான்கு பக்கம் எழுதினால் ஐந்தாவது பக்கத்தில் இருக்கும் தேதியை யாரும் படிக்க மாட்டார்கள். நிர்ணயமே சரி என்றால், அதற்கான அரசாணை எண்ணைப் போட்டு அதை முதல் வாதமாகவும், பிடிக்கக் கூடாது என்பதை இரண்டாவது வாதமாகவும் வையுங்கள்.

17. "பதிலே வரலைன்னா எந்தக் கோர்ட்டுக்குப் போகணும்? எத்தனை நாள் டைம்?"

தமிழ்நாடு அரசு ஊழியராக இருந்தவர்களுக்குத் தனித் தீர்ப்பாயம் இப்போது இல்லை, அரசமைப்பின் 226வது பிரிவில் சென்னை உயர் நீதிமன்றத்திலோ, மாவட்டத்தைப் பொறுத்து அதன் மதுரைக் கிளையிலோ ரிட் மனு. அதற்கு இத்தனை நாள் என்று சட்டத்தில் கெடு இல்லை, ஆனால் காரணமில்லாமல் வருடக்கணக்கில் தாமதித்தால் அதையே காட்டித் தள்ளுபடி செய்யலாம். மனுவோடு பிடித்தத்துக்கு இடைக்காலத் தடையும் கேளுங்கள்.

மத்திய அரசு ஓய்வூதியர்கள் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போக வேண்டும். அங்கே கெடு கறார்: இறுதி ஆணையிலிருந்து ஒரு வருடம், விதிப்படி மேல்முறையீடோ முறையீடோ கொடுத்து ஆறு மாதம் பதில் வரவில்லை என்றால், அந்த ஆறு மாதம் முடிந்த நாளிலிருந்து ஒரு வருடம். நினைவூட்டல் கடிதம் மேல் கடிதம் போட்டால் அந்தக் கெடு நீளாது, இதில் நிறையப் பேர் தவறவிடுகிறார்கள்.

18. "ஜெயிச்சா வட்டி கிடைக்குமா? எனக்குப் பணிக்கொடை வந்தே ரெண்டு வருஷம் லேட்."

கேட்டால்தான் கிடைக்கும், மனுவின் வேண்டுகோளில் வட்டியைக் கட்டாயம் சேருங்கள். ஓய்வூதியமும் பணிக்கொடையும் ஊழியரின் மதிப்புமிக்க உரிமை, அதைக் கொடுப்பதில் குற்றமுள்ள தாமதம் இருந்தால் வட்டி கொடுக்க வேண்டும் என்று கேரள அரசு எதிர் பத்மநாபன் நாயர் வழக்கில் உச்ச நீதிமன்றம் எப்போதோ சொல்லிவிட்டது. எத்தனை சதவீதம் என்பது ஒவ்வொரு வழக்கிலும் மாறும். பிடித்த தொகைக்கு வட்டி, தாமதமாக வந்த பணிக்கொடைக்கு வட்டி என்று இரண்டையும் தனித்தனியாகக் கேளுங்கள், ஒன்றை மறுத்தாலும் இன்னொன்று நிற்கும்.